உன் அப்பா கடையைப் பார்த்துக்கொண்ட ஒன்பது நாள்

ஓசூர்,
நவம்பர் 18

அன்பு மகள் ஜெசிக்கு,

அம்மா எழுதுவது. கர்த்தர் கிருபையால் நானும் உன் அப்பாவும் சுகமாக இருக்கிறோம், ஒருவரோடு ஒருவர் பேசிக்கொண்டும் இருக்கிறோம், இது உனக்கு முக்கியமான செய்தி என்பதால் முதலிலேயே எழுதிவிட்டேன். நீயும் மாப்பிள்ளை ஸ்டெபினும் உன் வயிற்றில் இருக்கிற என் பேரப்பிள்ளையும் சுகம்தானே. தினம் போனில் பேசிவிட்டு எதற்கு அம்மா கடிதம் என்று நினைப்பாய். போனில் நான் வாயைத் திறந்தால் உன் அப்பா பக்கத்தில் வந்து நின்றுகொண்டு ஸ்பீக்கரில் போடு என்கிறார், அவரைப் பற்றி அவர் காதுபட எப்படிப் பேசுவது. மாப்பிள்ளையின் சிநேகிதர் அடுத்த வாரம் அயர்லாந்துக்குத் திரும்புகிறாராம், அவரிடம் பருப்புப் பொடியும் கருவேப்பிலைப் பொடியும் கொடுத்து அனுப்புகிறேன், அந்தப் பையிலேயே இதையும் வைக்கிறேன். கால் வீக்கம் குறைந்ததா. நர்ஸுக்கு நான் சொல்லித் தெரியவேண்டியதில்லை, ஆனாலும் சொல்கிறேன், டூட்டியில் சும்மா நின்றுகொண்டே இருக்காதே, நாற்காலி எதற்குப் போட்டிருக்கிறார்கள், உட்கார்.

பிப்ரவரியில் பிரசவம், ஜனவரி கடைசியில் வந்துவிடு அம்மா, விசா தருகிற மூன்று மாதமும் என்னோடு இரு என்று நீ கேட்டு இரண்டு மாதம் ஆகப் போகிறது. வருகிறேன் என்றும் நான் சொல்லவில்லை, வரமாட்டேன் என்றும் சொல்லவில்லை. உனக்குக் கடைதான் பெரிசு என்று சொல்லிவிட்டு அன்றைக்கு நீ போனை வைத்தாயே, அன்று எனக்குச் சோறு இறங்கவில்லை ஜெசி. முதல் பிரசவத்துக்கு அம்மா பக்கத்தில் இல்லாமல் அந்தக் குளிர் ஊரில் நீ தனியாகக் கிடப்பாய் என்று எனக்குத் தெரியாதா. ஆனால் கடையை யாரிடம் விட்டு வருவேன், சொல். இருக்கிறவர் உன் அப்பா ஒருவர்தான். முப்பத்தோரு வருடம் கம்பெனியில் குவாலிட்டி செக்கிங் பார்த்துவிட்டு ஏப்ரலில் ரிட்டயர் ஆன மனுஷர். அன்றிலிருந்து விடியற்காலை ஐந்து மணிக்கு எழுந்து ஷேவ் செய்து சட்டையை இன் பண்ணிக்கொண்டு வாசலில் உட்கார்ந்திருப்பார், கம்பெனி பஸ் மற்றவர்களை ஏற்றிக்கொண்டு போவதைப் பார்ப்பார். கடைப் பக்கம் வந்தால் டீ குடிப்பார், பேன் சரியாகச் சுற்றவில்லை என்பார், போய்விடுவார்.

கடை என்றால் சாதாரணக் கடையா நம்முடையது. பெங்களூர் பக்கம் எக்ஸ்போர்ட் கம்பெனியில் ஆர்டர் ரத்தான சரக்கு, கணக்குக்கு மேல் தைத்த சரக்கு, சின்னக் குறை உள்ள சரக்கு, இதையெல்லாம் லாட் லாட்டாக மொத்தமாக எடுத்து லேபிளை வெட்டிப் பாதி விலைக்குக் கொடுக்கிறோம். ஸ்கூல் லீவில் நீயும் உட்கார்ந்து லேபிள் வெட்டியவள்தான். சட்டை, பெட்ஷீட், திரைச்சீலை, காபி கப், தோசைக்கல் என்று இன்றைக்கு இருப்பது நாளைக்கு இருக்காது, அதனாலேயே சனம் வருகிறது. இருபத்திரண்டு வருடமாக நான் வைத்திருக்கிற முறை ஒன்றே ஒன்றுதான், துணியைப் பிரித்துக் காட்டும்போது கறை இருக்கிற பக்கம் என் பக்கமாக இருக்கும். யாராவது கேட்டால் பொய் சொல்லமாட்டேன், கேட்காததை நானாகச் சொல்லவும் மாட்டேன். பாவசங்கீர்த்தனத்தில் சாமியாரிடமும் இதைச் சொன்னதில்லை, அவரும் கேட்டதில்லை.

இந்த லட்சணத்தில் செப்டம்பரில் பாகலூர் ரோட்டில் அந்தப் பெரிய கடையைத் திறந்தார்களே, மூன்று மாடி, ஏசி, நகரும் படிக்கட்டு, பிராண்ட் துணி பாதி விலை என்று ஆள் உயரத்துக்கு எழுத்து. நம் வியாபாரத்தையேதான் மினுக்கிச் செய்கிறார்கள். நான் ஒருநாள் முக்காடு போட்டுக்கொண்டு உளவு பார்க்கப் போனேன். நாம் எடுத்த அதே லாட் பெட்ஷீட், அதே நீலப் பூ, நம்மைவிட நூற்றைம்பது ரூபாய் அதிகம், சனம் வரிசையில் நின்று வாங்குகிறது. கேட்டால் அங்கே வண்டி நிறுத்த இடமிருக்கிறதாம், போட்டோ எடுக்கக் கண்ணாடி இருக்கிறதாம். தீபாவளிக்கு நம் கடைக் கூட்டத்தில் பாதி அங்கே போய்விட்டது. இப்படிக் கழுத்துக்குக் கத்தி வந்திருக்கிற நேரத்தில் கடையை உன் அப்பாவிடம் கொடுத்துவிட்டு நான் விமானம் ஏறினால் திரும்பி வரும்போது ஷட்டர்தான் இருக்கும் என்று நினைத்தேன். நினைத்ததில் தப்பில்லை என்று இப்போதும் சொல்வேன்.

நம் ருக்மணிதான் யோசனை சொன்னாள். பதினான்கு வருடமாகக் கடையில் இருக்கிறவள், என்னைவிடக் கடை அவளுக்குத் தெரியும். அக்கா, நீங்க ஒரு ஒம்போது பத்து நாளு எங்கனா போய் இருந்துட்டு வாங்க, சார் சமாளிக்கிறாரா இல்லயான்னு தெரிஞ்சிரும், அப்புறம் பாப்பாவுக்குப் பதில் சொல்லுங்க என்றாள். சரியென்று கல்லறைத் திருநாளுக்கு பர்கூர் போனவள் அப்படியே உன் சித்தி வீட்டில் தங்கிவிட்டேன். கிளம்பும்போது உன் அப்பாவிடம் ஒன்றே ஒன்றுதான் சொன்னேன், புதிதாக எதுவும் செய்யவேண்டாம், இருப்பதை விற்றால் போதும் என்று. பூம்பூம் மாடு மாதிரி தலையாட்டினார்.

திங்கட்கிழமை காலை ருக்மணி போன் செய்தாள், சார் தூசி தட்டிக்கினு இருக்காருக்கா என்று. நல்லது என்றேன். மத்தியானம் இன்னொரு போன். ஒரு பெட்ஷீட்டைப் பிரித்து வெளிச்சத்தில் பிடித்துக்கொண்டு, இதுல நூல் ஓடியிருக்குது, இத யார் பாஸ் பண்ணது என்று அவளைக் கேட்டிருக்கிறார். அவள், சார், பாஸ் ஆகலன்னுதான் அது நம்மகிட்ட வந்துக்குது என்று சொல்லியிருக்கிறாள். இவர் அந்தப் பெட்ஷீட்டை மடித்து ஓரமாக வைத்தாராம். பிறகு ஸ்டேஷனரி கடைக்குப் போய் சிவப்பு அம்பு ஸ்டிக்கர் பத்துத் தாள் வாங்கி வந்து, ஒவ்வொரு பெட்ஷீட்டாகப் பிரித்து, எங்கே குறையோ அங்கே அம்பை ஒட்ட ஆரம்பித்துவிட்டார். செவ்வாய்க்கிழமை சட்டைகள். புதன்கிழமை கப்புகள். அதற்கு வீட்டிலிருந்து வெர்னியர் கருவியை எடுத்து வந்து கைப்பிடியை அளந்து, ஒன்றரை மில்லிமீட்டர் சாய்வு என்று சீட்டு எழுதி அம்புக்குப் பக்கத்தில் ஒட்டினாராம். குறை இல்லாத பீஸுக்கு ஒன்றும் ஒட்டவில்லையா என்று கேட்டேன். அப்படி ஒரு பீஸ இன்னும் சார் பாக்கலக்கா என்றாள் ருக்மணி.

வேப்பனப்பள்ளியிலிருந்து மகள் கல்யாணத்துக்குத் திரைச்சீலை எடுக்க வந்தவர்கள் அம்பைப் பார்த்து எண்ணிக்கொண்டே வந்து பதினேழாவது அம்பில் எழுந்து போய்விட்டார்களாம். அத்திப்பள்ளி அம்மா ஒருத்தி, மாசம் தவறாமல் வருவாளே, ஏனு சார் இது, எல்லா கெம்பு, என்ன இது எல்லாம் சிவப்பு என்று கன்னடத்தில் கேட்டுவிட்டு டவலைத் தொடாமலே பஸ் ஏறிவிட்டாள். நான் உன் அப்பாவுக்குப் போன் செய்து கத்தினேன். அவர் சத்தமே போடவில்லை. முப்பத்தோரு வருஷம் தப்பான பீஸ நான் கஸ்டமர்கிட்ட மறைச்சு அனுப்புனதில்ல, இப்பப் போய் உன் கடைக்காக அனுப்பச் சொல்றியா செல்வி என்று கேட்டார். என் கடையாம். இத்தனை வருடம் உன்னைப் படிக்க வைத்தது யார் கடை. நான் உடனே பையைத் தூக்கிக்கொண்டு பஸ்ஸுக்குக் கிளம்பினேன். உன் சித்தி என் செருப்பை எடுத்து பீரோவுக்கு மேலே வைத்துவிட்டாள். ஒம்போது நாளுன்னா ஒம்போது நாளு, அதுக்குள்ள போனீன்னா உன் மக பிரசவத்துக்கு நீ போன மாதிரிதான் என்றாள். அவள் சொல்வதும் சரிதான் என்று உட்கார்ந்தேன், ஆனால் உனக்கு என்ன பதில் சொல்வது என்று அன்று முழுக்க ஜெபமாலையைக் கையில் வைத்துக்கொண்டு கடையைத்தான் நினைத்துக்கொண்டிருந்தேன்.

வியாழக்கிழமை சாயங்காலம் ருக்மணி போன் செய்தபோது பின்னாலிருந்து ஒரே சத்தம். சண்டையா என்றேன். ஆமாக்கா, ஆனா நல்ல சண்டை என்றாள். முதல் ஷிப்ட் முடிந்து கம்பெனி பஸ்ஸில் இறங்கிய பிள்ளைகள் ஆறு பேர் உள்ளே வந்திருக்கிறார்கள். அதில் மோகனப்ரியா என்று ஒருத்தி, செல்போன் தயாரிக்கிற கம்பெனியில் செக்கிங் பார்க்கிறவள், பெட்ஷீட்டில் இருந்த அம்பைப் பார்த்துவிட்டு, சார், இதுக்குப் போய் செவப்பு ஒட்டிக்கிறீங்க, இது ரிஜெக்ட் இல்ல, ரீவொர்க், சரிபண்ணிக்கலாம், மஞ்சள்தான் ஒட்டணும் என்றிருக்கிறாள். உன் அப்பா விடுவாரா. இருபது நிமிஷம் இரண்டு பேரும் பெட்ஷீட்டை ஆளுக்கொரு முனை பிடித்துக்கொண்டு வாதாடினார்களாம். கடைசியில் அவள்தான் சரி என்று ஒப்புக்கொண்டு மஞ்சள் ஸ்டிக்கர் வாங்க ஆள் அனுப்பியிருக்கிறார். போகும்போது ஆறு பேரும் சேர்ந்து பதினோரு பெட்ஷீட் எடுத்துப் போயிருக்கிறார்கள்.

எனக்கு அப்போதுதான் உறைத்தது. நம் ஊரில் எந்த வீட்டை எடுத்தாலும் எங்கோ ஒரு லைனில் நின்று எதையோ உற்றுப் பார்த்து சிவப்பும் மஞ்சளும் பச்சையும் ஒட்டுகிற ஆள் ஒன்று இருக்கிறது. வேப்பனப்பள்ளிக்காரர்களுக்குப் பயமாக இருக்கிற அம்பு இவர்களுக்குத் தெரிந்த பாஷை. இவ்ளோதானா, மெத்தைக்கு அடியில போயிரும் என்று பார்த்த உடனே எடுத்துக்கொள்கிறார்கள். நான் மறைத்து மறைத்து விற்றபோது இந்தப் பிள்ளைகள் அரைமணி நேரம் புரட்டித் தேடுவார்கள், ஒன்றும் கிடைக்காது, எங்கேயோ இருக்கிறது என்ற சந்தேகத்தோடு வைத்துவிட்டுப் போவார்கள். அதை நான் அவர்களுடைய கஞ்சத்தனம் என்று நினைத்துக்கொண்டிருந்தேன். எனக்கு இதைச் சொல்லக் கொஞ்சம் கூச்சமாகத்தான் இருக்கிறது, உன்னோடு போகட்டும்.

அதற்குப் பிறகு உன் அப்பாவைப் பிடிக்க முடியவில்லை. தான் பார்க்காமல் விட்ட குறையை யார் கண்டுபிடித்தாலும் அந்தப் பீஸ் பாதி விலை என்று அட்டையில் எழுதி வாசலில் மாட்டிவிட்டார். ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து இவர் கடையைத் திறக்கும் முன்னே முப்பது பேர் நிற்கிறார்களாம், சார், ஆடிட்டுக்கு வந்துக்கிறோம் என்று. ஒரு பையன் பூதக்கண்ணாடி கொண்டு வந்திருந்தானாம். எல்லோருக்கும் டீ சொல்லி, கணக்காக ரெஜிஸ்டரில் கையெழுத்து வாங்கி உள்ளே விட்டிருக்கிறார். மூன்று மணி நேரம் தேடி நான்கு குறை கண்டுபிடித்தார்கள். தேடின கையோடு ஆளுக்கு இரண்டு பீஸ் எடுத்துக்கொண்டு போனார்கள். அந்த நான்கு குறைக்காக அவர் இரண்டு நாள் சாப்பிடும்போதெல்லாம் வருத்தப்பட்டாராம், அது வேறு கதை. இதில் இன்னொரு கூத்து, பெரிய கடையில் வாங்கிய துணியைப் பையோடு இங்கே கொண்டு வந்து, சார், கொஞ்சம் பாத்துச் சொல்லுங்க என்று கேட்க ஆரம்பித்தார்கள். இவர் காசு வாங்காமல் அதற்கும் அம்பு ஒட்டிக் கொடுத்தார். அவர்கள் அம்போடு நேராக பாகலூர் ரோட்டுக்குப் போய் மாற்றிக் கொடு என்று கவுண்டரில் நின்றிருக்கிறார்கள்.

ஒன்பது நாள் முடிந்து நான் செவ்வாய்க்கிழமை காலை பஸ் ஸ்டாண்டிலிருந்து நடந்தே கடைக்கு வந்தேன். செருப்பு விட இடமில்லை. உள்ளே நடுவில் உன் அப்பா மூக்குக் கண்ணாடியை இறக்கிவிட்டுக்கொண்டு கையில் வெர்னியரோடு நிற்கிறார், சட்டை இன் பண்ணியிருக்கிறது, முகத்தில் ஏப்ரலுக்கு முன்னால் பார்த்த வெளிச்சம். நான் உள்ளே நுழையப் போனால் ஒரு பெண், அக்கா, வரிசைல வாங்க, நாங்கல்லாம் நிக்கலியா என்கிறாள். என் கடையில் என்னை. ருக்மணி கூடத் தூரத்திலிருந்து கையை ஆட்டிவிட்டு பில் போடப் போய்விட்டாள்.

நான் வரிசையில் நிற்கும்போதே பெரிய கடை மேனேஜர் வந்துவிட்டார். சுரேந்தர் என்று பெயர், முப்பத்தைந்து வயது இருக்கும், டை, கழுத்தில் அட்டை. அவர் வந்து, சார், ஒரு நாளைக்கு நாப்பது பீஸ் உங்க அம்போட எங்க கவுண்டருக்கு வருது, ஹெட் ஆபீஸ்ல என்ன அம்புன்னு கேக்குறாங்க, நான் என்னத்த சொல்லட்டும் என்று பாவமாகத்தான் கேட்டார். உன் அப்பா அவருடைய கழுத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு கிட்டப் போய், காலர் ரெண்டு பக்கமும் சமமா இல்லீங்களே, இடது பக்கம் மூணு மில்லி இறங்கிக்குது என்று சொல்லி ஒரு அம்பை எடுத்து அவர் காலரில் ஒட்டிவிட்டார். அந்தப் பிள்ளைகள் சிரித்த சிரிப்பில் கூரை போயிருக்கும். நல்லவேளை, அந்த சுரேந்தர் நல்ல மனுஷர், அவரும் சிரித்துவிட்டார். சிரித்துவிட்டு, சார், பேசாம எங்க கடைக்கு வந்துருங்க, மூணு மாடிக்கும் குவாலிட்டி ஹெட் நீங்கதான், நாளைக்கே ஐடி கார்டு போட்டுத் தர்றேன் என்றார்.

ஜெசி, இதை நான் எதிர்பார்க்கவே இல்லை. ஏசி, சம்பளம் எல்லாம் இருக்கட்டும், ஐடி கார்டு என்ற சொல்லுக்கு உன் அப்பா எப்படி ஏங்கினார் என்று எனக்குத் தெரியும், பழைய கம்பெனி கார்டைத் திருப்பிக் கொடுத்த அன்று அவர் கழுத்தைத் தடவிக்கொண்டே வீட்டுக்கு வந்தது எனக்குத்தான் தெரியும். போய்விடுவார், கடையைப் பார்க்க ஆளிருக்காது, நான் உன்னிடம் வரவும் முடியாது என்று ஒரு நிமிஷத்தில் எல்லாம் ஓடியது. அவர் வெர்னியரைத் துடைத்து உறையில் போட்டார். வேணாங்க தம்பி, ஜனவரில என் சம்சாரம் மக பிரசவத்துக்கு வெளிநாடு போகுது, அது வர்ற வரைக்கும் இங்க நான்தான் ஃபுல் ஷிப்ட், லீவு கிடையாது என்றார்.

இரண்டு மாதமாக அந்த ஒரு வார்த்தைக்காக நான் காத்திருந்தேன். போய் வா செல்வி, நான் பார்த்துக்கொள்கிறேன் என்று அவர் வாயால் சொன்னால் போதும், கிளம்பிவிடுவேன் என்று இருந்தேன். என்னிடம் சொல்லாததை போட்டிக் கடை மேனேஜரிடம் முப்பது பேர் முன்னால் சொல்கிறார், நான் வரிசையில் நிற்பது கூட அவருக்குத் தெரியாது. பின்னால் சரக்கு அறைக்குப் போய் துணி மடிக்கிற மாதிரி நின்று நன்றாக அழுதேன். சந்தோஷ அழுகை என்று நினைக்காதே, பாதி கோபம்.

மீதிக் கோபம் மறுநாள் வந்தது. வேலையைக் காட்டுவோம் என்று நான் நாலு சட்டையிலிருந்து அம்பைப் பிய்த்துவிட்டு வழக்கம்போல மடித்துக் காட்டினேன். ஒருத்தரும் வாங்கவில்லை. அம்பு இல்லியே, சார் பாக்கலயா, சார் வரட்டும் என்கிறார்கள். லாட் எடுக்கிற வேலை மட்டும் இன்னும் என் கையில் இருக்கிறது. அதற்கு அவரை அனுப்பினால் குடோன் முழுக்க ரிஜெக்ட் செய்துவிட்டு வெறும் கையோடு திரும்புவார், பஸ் சார்ஜ்தான் தண்டம். அதனால் பொங்கல் முடிந்ததும் மூன்று மாதத்துக்கான சரக்கை நானே பெங்களூர் போய் எடுத்து அடுக்கி வைத்துவிடுவேன், அவர் ஒட்டிக்கொண்டு இருக்கட்டும்.

உன்னிடம் மறைக்க என்ன இருக்கிறது. கடையை யாரிடம் விடுவது என்று நான் சொன்னது பாதிதான் நிஜம். நான் இல்லாமல் கடை ஓடாது என்று இத்தனை வருடம் நினைத்திருந்தேன், நான் போன பிறகு அது பாட்டுக்கு ஓடிவிட்டால் எனக்கு எப்படியிருக்கும் என்பதுதான் என் பயம். உன் வீட்டில் அடுப்பைப் பற்ற வைக்கக்கூட உன்னைக் கேட்கவேண்டியவளாக வந்து உட்காருவேனே, அங்கேயும் ஒன்றுமில்லாமல் இங்கேயும் ஒன்றுமில்லாமல் ஆகிவிடுவேனோ என்று பயந்தேன். இப்போது ஓடியே விட்டது. இரண்டு நாள் மனசு சரியில்லை. மூன்றாம் நாள் காலையில் காபி போடும்போது, கடைக்கு வேறு ஆள் கிடைத்துவிட்டது, என் பிள்ளைக்கு நான் ஒருத்திதானே அம்மா என்று தோன்றியது. நான் வருகிறேன் கண்ணு. இரண்டு மாதம் உன்னைக் காக்க வைத்ததை மனசில் வைத்துக்கொள்ளாதே.

மாதா உன்னையும் உன் பிள்ளையையும் காப்பாற்றுவாள், தினம் உன் பெயரைச் சொல்லித்தான் மெழுகுவர்த்தி ஏற்றுகிறேன். இரும்புச் சத்து மாத்திரையை விடாதே, மாப்பிள்ளை கிண்டல் செய்தாலும் காதை மூடி ஸ்கார்ப் கட்டு. முக்கியமாக ஒன்று. ஜனவரி இருபத்தைந்துக்கு மேல் எந்த நாளானாலும் டிக்கெட் போட்டுவிடு, திரும்பி வரும் தேதியையும் சேர்த்தே போடு, மறந்துவிடாதே. நேற்று ருக்மணி என் தோளில் கை போட்டு, மூணு மாசம் பத்துமாக்கா, கொழந்த மொகம் பாத்து நிக்கிற வரைக்கும் கூட இருந்துட்டு வாங்களேன், இங்க ஒண்ணும் அவசரமில்ல என்கிறாள்.

இப்படிக்கு
உன் அம்மா,
ஜெயசெல்வி சிங்கராயர்,
கடை உரிமையாளர்